இரும்பு விளிம்பு

சம்மட்டி என்று பெயர்.
தலையில்லை, காம்பில்லை, அடிக்க ஓர் ஆணியும் இல்லை.
நான்கு கிலோ உருண்டை, ஒரு கம்பி, ஒரு கைப்பிடி.
அவள் பெயரை அறிவிப்பாளர்
மூன்று விதமாக வாசித்துப் பார்த்துவிட்டு
"ஜெர்மனி, எண் நாற்பத்தொன்று" என்று முடித்துக்கொண்டார்.

வீப்க டாம்சன், வயது ஐம்பத்திரண்டு.
காலாங் பயிற்சித் திடலில் மூத்தோர் போட்டி, சனிக்கிழமை.
கூண்டின் ஓரத்தில் நான்,
ஒரு கையில் வெள்ளைக் கொடி, மறு கையில் சிவப்பு.
வாரநாளில் மருத்துவமனையில் எலும்புகளைப் படமெடுப்பவள்,
வாரக்கடைசியில் பிறர் பாதங்களைப் பார்ப்பவள்.

முதல் சுற்று முடியுமுன் மின்னல் எச்சரிக்கை.
விளக்கு சுழன்றது. எல்லோரும் கூரைக்குள்.

தே ஓ கோசோங்கும் ஒரு கறிபஃபும் வாங்கிக்கொண்டு
என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.
அவள் தோளைப் பார்த்தேன், தொழில் பழக்கம்:
வலது, இடதைவிட இரண்டு விரற்கடை தாழ்வு.

துவாஸில் கணவருக்குக் கப்பல் எந்திர வேலையாம்.
வீடு பதினான்காம் மாடி.
மின்தூக்கியில் இந்தப் பையோடு ஏறினால்
பௌலிங்கா என்று கேட்கிறார்களாம்.
ஆமாம் என்றே சொல்லிவிடுகிறாளாம்.

பதினாறு வயதில், பால்டிக் கரை ஊரில், வட்டு எறிந்தவள்.
அப்போது பெண்களுக்குச் சம்மட்டி கிடையாது.
கருப்பை நழுவிவிடும் என்றார் ஒரு மருத்துவர்,
மேலங்கிப் பையில் கைவிட்டபடி.
"இரண்டு மகள்கள்" என்றாள். "நழுவித்தான் வந்தார்கள்."

விடியுமுன் ரொட்டிக்கடை, மாலையில் வட்டம்.
முழங்காலில் இரண்டு முறை கத்தி.
ஐந்து முறை நாட்டில் முதலிடம்.
எழுபத்தொரு மீட்டர் முப்பத்தாறு, ஒரு ஜூன் மாதம்,
பார்த்தவர்கள் பதினேழு பேர்.

பிறகு அந்த இறுதிப்போட்டி. நாற்பதாயிரம் பேர்.
முதல் எறி வலைக்குள்.
இரண்டாவதும் வலைக்குள்.
மூன்றாவது
போயிற்று.
போய்க்கொண்டே இருந்தது.
விழுந்த இடத்தில் அதுவரை யாருடைய குழியும் இல்லை.
திரும்பினால் சிவப்புக் கொடி.
இடது பாதம், இரும்பு விளிம்பு, ஒரு நகத்தளவு.
அளவுநாடா அங்கே போகவே இல்லை.
ஏட்டில் அவள் பெயருக்கு எதிரே மூன்று பெருக்கல் குறி.

"அந்த நடுவர் முகம் நினைவிருக்கிறதா?"
"முகம் இல்லை. காலணி. பழுப்பு. கயிறு அவிழ்ந்திருந்தது."
நான் குனிந்து என் காலணியைப் பார்த்துக்கொண்டேன்.

மழை விட்டது. வட்டத்தைத் துண்டால் துடைத்தோம்.

தலைக்கு மேல் இரண்டு வீச்சு.
பின்பு சுழற்சி, ஒன்று, இரண்டு,
மூன்றில் யார் யாரைச் சுற்றுகிறார்கள் என்று தெரியவில்லை,
உருண்டை அவளை இழுக்க, அவள் உருண்டையை இழுக்க,
கோபித்துக்கொண்ட தம்பதி போல் இருவரும்,
நான்கு,
விட்டாள்.

எறிதல் என்று படிவத்தில் எழுதுகிறோம்.
கண்ணால் பார்த்தால் அது விடுதல்.
தமிழில் விடு என்பது நீண்டால் வீடு.
அதை அவளுக்குச் சொல்ல என் ஆங்கிலம் போதாது.
அவளோ உருண்டையின் முதுகைப் பார்த்துக் கத்திக்கொண்டிருந்தாள்.

ஊறிய புல்லில் தொப்பென்று புதைந்தது.
ஃபைரூஸ் நாடாவோடு ஓடினான்.
நான் பார்த்துவிட்டேன்.
விளிம்பின் மேல் இடது பாதத்தின் ஈரத்தடம்,
நகத்தளவுகூட இல்லை.
வேறு யாரும் பார்க்கவில்லை.
இன்னொரு தூறல் விழுந்தால் தடமும் இருக்காது.

சிவப்பை உயர்த்தினேன்.

கொடியைப் பார்த்தாள். என் காலணியைப் பார்த்தாள்.
பதினொரு மாதத்தில் கற்ற ஊர்ப்பேச்சில்
"கேன் லா" என்றாள்.

ஆறு மணிக்கு, கூண்டுவலை இறக்கியபின்,
குழியை மூட மண்வாளியோடு போனேன்.
என்ன தோன்றியதோ, நாடாவின் சுழியத்தைக்
குழிக்குள் குத்தினேன்.
மறுமுனை பிடிக்க ஆளில்லை.
வாசல்வரை போனவள்
பையை இறக்கி வைத்துவிட்டுத் திரும்பி வந்தாள்,
வட்டத்தில் மண்டியிட்டு நாடாவை இறுக்கிப் பிடித்தாள்.

எண் அவள் பக்கத்தில் இருந்தது.
படித்தாள். வெகுநேரம் படித்தாள்.
எனக்குச் சொல்லவில்லை.
நாடாவைச் சுற்றத் தொடங்கினாள்,
அது புல்லின்மேல் நெளிந்து நெளிந்து அவளிடம் போயிற்று.
நான் மண்ணைக் கொட்டி மிதித்தேன்.